கல்லில் உயிரைக் கண்ட மேரி ஆனிங்

மழை ஓய்ந்த மறுநாள் ஆற்றோரத்திற்குச் சென்று, வண்ண வண்ணக் கூழாங்கற்களைப் பொறுக்கிச் சட்டைப் பையில் நிரப்பிக்கொண்டு வருவது சிறுவர்க்கு இயல்பு. அவ்வாறு கற்களைப் பொறுக்கத் தொடங்கிய ஓர் ஏழைச் சிறுமி, பிற்காலத்தில் பேரறிஞர்களும் தேடிவந்து கண்டு செல்லும் நிலைக்கு உயர்ந்தார். அவர் கல்லூரி வாசலை மிதித்தவர் அல்லர். செல்வக் குடியிற் பிறந்தவரும் அல்லர். ஒரு தச்சரின் மகள். அவர் பெயர் மேரி ஆனிங். அவருடைய வரலாறு மாணவச் செல்வங்களுக்கும் அவர்தம் பெற்றோர்க்கும் பெரிதும் பயன் தருவதாகும்.

பிறப்பும் இளமையும்

இங்கிலாந்து நாட்டின் தென்கரையில், டார்செட் என்னும் மாவட்டத்தில், லைம் ரீஜிஸ் என்ற சிற்றூர் உள்ளது. அங்கு 1799ஆம் ஆண்டு மே திங்கள் 21ஆம் நாள் மேரி பிறந்தார். தந்தையார் ரிச்சர்ட் ஆனிங் மரப்பொருள்கள் செய்து விற்கும் தச்சர். அவர்களுக்குப் பிள்ளைகள் பலர் பிறந்தும், வளர்ந்து ஆளானவர்கள் மேரியும் அவர் அண்ணன் ஜோசப்பும் மட்டுமே. மற்றவர்கள் பிஞ்சிலேயே உதிர்ந்தனர்.

மேரியும் சாவின் வாயிலுக்குச் சென்று மீண்டவரே. 1800ஆம் ஆண்டு ஆகஸ்டு திங்களில் ஒருநாள், கைக்குழந்தையாக இருந்த அவரை ஏந்தியவாறு ஒரு பெண் மரத்தடியில் நின்றிருந்தார். திடீரென இடி விழுந்தது. அம்மரத்தடியில் நின்ற மூன்று பெண்களும் மாண்டனர். குழந்தை மட்டும் உயிர் பிழைத்தது.

வறுமையின் காரணமாக மேரி நெடுநாள் பள்ளிக்குச் சென்று பயிலவில்லை. தேவாலயத்தார் ஞாயிற்றுக்கிழமைகளில் நடத்திய வகுப்பிலே எழுதப் படிக்கக் கற்றார். அந்தச் சிறு கல்வியே பின்னர் அவருக்குப் பெருந்துணையாயிற்று.

குன்றும் கடலும் தந்த பாடம்

லைம் ரீஜிஸ் ஊரின் கடலோரத்தில் செங்குத்தான குன்றுகள் நிற்கின்றன. சுண்ணாம்புக் கல்லும் களிமண் பாறையும் மாறி மாறி அடுக்கடுக்காக அமைந்தவை அவை. ஏறத்தாழ 20 கோடி ஆண்டுகட்கு முன்னர் அவ்விடம் வெதுவெதுப்பான கடலாக இருந்தது. அக்கடலில் வாழ்ந்து மடிந்த உயிர்கள் அடியிலிருந்த சேற்றில் அமிழ்ந்தன. அவற்றின்மேல் மேலும் மேலும் சேறு படிந்தது. தசை அழிந்தது, எலும்பும் ஓடும் எஞ்சின. மண்ணிலிருந்த தாதுப்பொருள்கள் அவற்றினுள் ஊறிப் படிந்தமையால், காலப்போக்கில் அவை கல்லாகவே இறுகிவிட்டன. இவற்றையே புதைபடிவங்கள் என்கிறோம்.

குளிர்காலப் புயலின்போது அலைகள் மோதிக் குன்றுகள் சரியும். அப்பொழுது உள்ளே மறைந்து கிடந்த படிவங்கள் வெளிப்படும். அவற்றை உடனே எடுக்காவிடில் கடல் அடித்துக்கொண்டு போய்விடும். ஆகவே, மற்றவர்கள் வீட்டுக்குள் ஒடுங்கிக் கிடக்கும் கடுங்குளிரே இத்தொழிலுக்கு உரிய காலம்.

ரிச்சர்ட் ஆனிங் ஓய்வு நேரங்களில் தம் பிள்ளைகளை அழைத்துச் சென்று இப்படிவங்களைச் சேகரித்தார். கடற்காற்று வாங்க அவ்வூருக்கு வரும் செல்வர்கள் அவற்றை வேடிக்கைப் பொருளாக வாங்கிச் செல்வர். 1810ஆம் ஆண்டு அவர் காலமானார். குடும்பத்திற்கு அவர் விட்டுச் சென்றது கடன் ஒன்றே. வறியோர்க்கென ஊரார் அளித்த உதவியைப் பெற்று உயிர்வாழும் நிலை ஏற்பட்டது. மேரிக்கு அப்போது வயது 11. கூடையும் சுத்தியும் எடுத்துக்கொண்டு அவர் கடற்கரைக்கு நடந்தார். அன்று தொடங்கிய நடை அவர் நோயுறும்வரை நிற்கவில்லை.

முதற் பெருங்கண்டுபிடிப்பு

1811ஆம் ஆண்டு அண்ணன் ஜோசப், பாறையில் பதிந்திருந்த ஒரு பெரிய தலையோட்டைக் கண்டார். அதன் நீளம் 4 அடி. பலரும் அதனை முதலையின் தலை என்றே எண்ணினர். ஜோசப் வேறு தொழில் பயிலச் சென்றுவிடவே, உடலைத் தேடும் பொறுப்பு மேரியைச் சேர்ந்தது. பல மாதங்கள் அவர் காத்திருந்தார். 1812ஆம் ஆண்டு மேற்பாறை சரிந்தபோது எஞ்சிய உடற்பகுதி அவர் கண்ணிற் பட்டது. ஆட்களை அமர்த்தி அதனை வெளியே எடுக்கச் செய்தார். முழு உடலின் நீளம் ஏறத்தாழ 17 அடி. அப்போது அவருக்கு வயது 12 அல்லது 13 இருக்கும்.

அது முதலையன்று. மீனைப் போன்ற உடலும் துடுப்புகளும் கொண்டு கடலில் வாழ்ந்த ஊர்வன இனம். அறிஞர்கள் அதற்கு இக்தியோசார், அதாவது மீன்பல்லி எனப் பெயரிட்டனர். 23 பவுனுக்கு விற்கப்பட்ட அப்படிவம் பிறகு இலண்டனில் காட்சிக்கு வைக்கப்பட்டது. மக்கள் திரண்டு வந்து கண்டு வியந்தனர். அதன் தலையோடு இன்றும் இலண்டன் இயற்கை வரலாற்று அரும்பொருட் காட்சியகத்தில் இருக்கிறது.

எனினும் வறுமை உடனே நீங்கவில்லை. நாள் முழுவதும் தேடியும் வெறுங்கையுடன் திரும்பும் நாள்களே மிகுதி. 1820ஆம் ஆண்டில் வாடகைக்காக வீட்டுப் பொருள்களையே விற்கும் நிலை வந்தது. அதனைக் கண்டு மனம் வருந்திய தாமஸ் பர்ச் என்னும் படைத்துறை அதிகாரி, தாம் சேர்த்திருந்த படிவங்களை இலண்டனில் ஏலத்தில் விற்றார். விற்றுக் கிடைத்த ஏறத்தாழ 400 பவுனையும் ஆனிங் குடும்பத்திற்கே உதவினார். அவர் செய்த உதவி காலத்தினாற் செய்த உதவியாகும்.

தாமே கற்ற அறிவு

மேரி படிவங்களை எடுத்து விற்பதோடு அமையவில்லை. ஒவ்வோர் எலும்பும் உடலின் எப்பகுதியைச் சேர்ந்தது, அவ்வுயிர் எவ்வாறு நீந்தியது, எதனை உண்டது என்று ஆராய்ந்தார். விலை கொடுத்து நூல் வாங்க இயலாமையால், அறிவியற் கட்டுரைகளை இரவல் பெற்றுத் தம் கைப்படப் படி எடுத்தார். அவற்றிலுள்ள படங்களையும் அவ்வாறே வரைந்துகொண்டார். மீனையும் கணவாயையும் அறுத்துப் பார்த்து, உயிருள்ளவற்றின் உறுப்பமைப்பைக் கல்லில் உள்ளவற்றோடு ஒப்பிட்டார். பழங்கால விலங்குகளை ஆராய்வோர் இன்றும் கைக்கொள்ளும் முறை இதுவே.

1823ஆம் ஆண்டு டிசம்பர் திங்களில், நீண்ட கழுத்தும் சிறிய தலையும் உடைய பிளீசியோசார் என்னும் கடல் விலங்கின் முழு எலும்புக்கூட்டை அவர் கண்டெடுத்தார். இவ்வகையில் முழுமையாகக் கிடைத்தது அதுவே முதன்முறை. பிரான்சு நாட்டுப் பேரறிஞர் கூவியே, இத்துணை நீண்ட கழுத்து இருத்தல் இயலாது என ஐயுற்றார். வெவ்வேறு விலங்குகளின் எலும்புகளை ஒட்டிச் செய்த போலியோ என்ற பேச்சும் எழுந்தது. அது மெய்யாகியிருந்தால் மேரியின் நற்பெயரும் பிழைப்பும் ஒருங்கே அழிந்திருக்கும். 1824ஆம் ஆண்டு இலண்டன் நிலவியற் கழகத்தில் அறிஞர்கள் கூடி ஆராய்ந்தனர். எலும்புக்கூடு உண்மையானதே என முடிவாயிற்று. கூவியேவும் தம் பிழையை ஒப்புக்கொண்டார்.

ஆயினும், அக்கூட்டத்தில் அதனைக் கண்டெடுத்தவரின் பெயர் கூறப்படவில்லை. அக்காலத்தில் அக்கழகம் பெண்களை உறுப்பினராக ஏற்பதில்லை. மேரி தேடினார், மேரி செதுக்கினார், மேரி பொருத்தினார். கட்டுரை எழுதிப் புகழ் கொண்டவர்களோ கற்றறிந்த ஆடவர்கள். உழைத்தவர் ஒருவர், பெயர் பெற்றவர் வேறொருவர் என்னும் இக்குறை மேரியின் நெஞ்சை வாழ்நாளெல்லாம் உறுத்தியது. இருப்பினும் அவர் சுத்தியைக் கீழே வைத்துவிடவில்லை.

1828ஆம் ஆண்டு, சிறகுடைய பறக்கும் ஊர்வன ஒன்றின் படிவத்தைக் கண்டெடுத்தார். செர்மனிக்கு வெளியே இவ்வினம் கிடைத்தது அதுவே முதன்முறை. மீன்பல்லிகளின் வயிற்றுப் பகுதியில் காணப்பட்ட விந்தையான கற்களை உடைத்துப் பார்த்து, உள்ளே மீன் எலும்பும் செதிலும் இருப்பதையும் அவர் கண்டறிந்தார். அவை கல்லாகிப்போன மலமே என்பதைப் பேராசிரியர் பக்லாந்து 1829ஆம் ஆண்டு நிறுவினார். அழிந்த விலங்கு எதை உண்டது என்பதை அறிய இவ்வாறு ஒரு வழி பிறந்தது. மலம் என்று முகம் சுளித்து ஒதுக்கியிருந்தால் அவ்வறிவு கிட்டியிருக்குமோ?

இடரும் இழப்பும்

இத்தொழில் உயிருக்கு அஞ்சாதவர்க்கே உரியது. மேரியுடன் எந்நாளும் டிரே என்னும் நாய் செல்லும். படிவம் கிடைத்த இடத்தை விட்டு அகலாமல் அது காவல் காக்கும். 1833ஆம் ஆண்டு அக்டோபர் திங்களில் குன்று திடீரெனச் சரிந்தது. மேரி நூலிழையில் தப்பினார். அவர் கண்ணெதிரே டிரே மண்ணில் புதைந்து மாண்டது. அத்துயரை ஆற்றிக்கொள்ள இயலாமல் அவர் தவித்தார். ஆனால் அடுத்த புயலுக்குப் பின்னும் கடற்கரைக்குச் செல்லாமல் இருக்க முடியவில்லை. அடுப்பு எரிய வேண்டுமே!

பின்னர், அரும்பாடுபட்டுச் சேர்த்த பணத்தில் பெரும்பகுதியையும் இழந்தார். அப்போது பக்லாந்து முதலிய நண்பர்கள் முயன்று, ஆண்டுக்கு 25 பவுன் உதவித்தொகை கிடைக்கச் செய்தனர். நண்பர் டி லா பீச், மேரி கண்டறிந்த விலங்குகள் பழங்கடலில் வாழ்ந்த காட்சியை 1830ஆம் ஆண்டிலேயே ஓவியமாக வரைந்து, அதன் அச்சுப்படிகளை விற்ற பணத்தை அவருக்கு அளித்திருந்தார். 1844ஆம் ஆண்டு சாக்சனி நாட்டு மன்னரே மேரியின் சிறு கடைக்கு நேரில் வந்து படிவம் வாங்கிச் சென்றார்.

மறைவும் புகழும்

மார்பகப் புற்றுநோயால் வருந்திய மேரி ஆனிங், 1847ஆம் ஆண்டு மார்ச்சு திங்கள் 9ஆம் நாள் தம் 47ஆம் வயதில் காலமானார். பெண் என்பதால் அவரைச் சேர்க்காத நிலவியற் கழகத்திலேயே, அதன் தலைவராக இருந்த டி லா பீச் அவருக்குப் புகழுரை ஆற்றினார். உறுப்பினர் அல்லாத ஒரு பெண்மணிக்கு அங்ஙனம் செய்தது அதுவரை இல்லாத சிறப்பு. அக்கழகம் பெண்களை உறுப்பினராக ஏற்றது 1919ஆம் ஆண்டிலேதான்.

காலம் நீதி வழங்கியது. 2010ஆம் ஆண்டு இங்கிலாந்தின் ராயல் சொசைட்டி, அறிவியல் வரலாற்றில் பெருந்தொண்டாற்றிய 10 பிரிட்டிஷ் பெண்களுள் ஒருவராக மேரியை அறிவித்தது. 2022ஆம் ஆண்டு மே 21ஆம் நாள், அவர் பிறந்த நாளில், லைம் ரீஜிஸ் ஊரில் அவருக்குச் சிலை திறக்கப்பட்டது. அவர் கையில் சுத்தி. அவர் அருகில் டிரே. அச்சிலைக்கான முயற்சியைத் தொடங்கி வைத்தவர் ஒரு பள்ளிச் சிறுமி என்பது நாம் எண்ணி மகிழத்தக்கது.

மாணவ மணிகளே! அடிமேல் அடி அடித்தால் அம்மியும் நகரும் என்பர். மேரி ஆனிங் அடித்த அடியில் 20 கோடி ஆண்டுகள் மூடிக்கிடந்த கதவே திறந்தது. ஏழ்மை அவர் கையைக் கட்டவில்லை. ஏட்டுக் கல்வியின் குறைவு அவர் அறிவைத் தடுக்கவில்லை. பெற்றோர்களே! உங்கள் மகள் கல்லையும் இலையையும் பொறுக்கி வந்து ஆயிரம் வினாக்களை அடுக்கினால், அவளைக் கடிந்து கொள்ளாதீர்கள். உழைப்பவர் பெயரை மறவாது உரைப்பதும், வினவும் பிள்ளையைத் தட்டிக் கொடுப்பதும் இவ்வம்மையாருக்கு நாம் செலுத்தும் நன்றியாகும்.