சந்திரமதி வேஷந் தரித்த சமையற்காரர்

நம்மவர் வீடுகளில் பேச்சு ஸினிமாவின் பக்கம் திரும்புமாயின், நடிகைகளின் நாமங்களைச் சிறுவரும் தங்குதடையின்றி ஒப்புவிப்பர். ஆயினும் நமது தேசத்தின் முதல் முழுநீளப் படமென்று பெரும்பாலோர் கொள்ளும் ராஜா ஹரிச்சந்திராவில் சந்திரமதியாய்த் தோன்றியவர் யாரென வினவினால், விடை பகர்வோர் அரியர். அவர் ஸ்திரீயே அல்லர். அண்ணா ஸாலுங்கே என்னும் ஆண்மகனார்.

1912-ஆம் வருஷத்தில் தாதா ஸாஹேப் பால்கே அவர்கள் பம்பாயைச் சார்ந்த தாதரில் அப்படத்தைத் தொடங்கியபோது, கதாநாயகியைத் தேடுதலே பெருங் கஷ்டமாக முடிந்தது. பத்திரிகைகளில் விளம்பரஞ் செய்தார். வந்தவர் சிலரும் ஏற்றவராய் இல்லை. வேசையர் வீதிக்கே சென்று வேண்டிக்கொண்டார்; அவர்களும் இணங்கினாரில்லை. குலஸ்திரீகள் நடித்தலை இழிவென்று விலக்க, உலகத்தார் இழிவென்று விலக்கியவர்களோ படத்தில் தோன்றுவதைத் தமக்கும் இழிவென்று கருதினர்! இதனை எண்ணி நகைப்பதா, இரங்குவதா என்பது நமக்கு விளங்கவில்லை.

மனஞ் சோர்ந்திருந்த பால்கே, கிராண்டு ரோடிலுள்ள ஓர் உணவுச்சாலையிற் பணிபுரிந்த ஒரு வாலிபரைக் கண்டார். மெலிந்த தேகம், நளினமான கைகள். மாதம் பத்து ரூபாய் பெற்றுவந்த அவருக்குப் பதினைந்து ரூபாய் தருவதாகக் கூறி அழைத்து வந்தார். அவரே ஸாலுங்கே. அப்படத்தில் சந்திரமதி தோழியருடன் நீராடும் காட்சியொன்று உண்டு. நனைந்த சேலையுடன் நின்ற அத்தனை பேரும் ஆடவரே. நமது நாடக மேடைகளில் ஸ்திரீ பார்ட்டுகளைக் கண்டு பழகிய முதியோர்க்கு இஃது அத்துணை வியப்பன்று. எனினும் மேடையின் தூரம் மறைப்பதைப் படக்கருவி மறைப்பதில்லை அன்றோ!

1913-ஆம் வருஷம் மே மாதம் 3-ஆம் நாள் பம்பாய்க் காரனேஷன் கொட்டகையில் படம் வெளியாகி ஜனங்களை வசீகரித்தது. அவ்வருஷத்திலேயே பால்கேயின் மோகினி பஸ்மாசுரில் துர்க்காபாய் காமத் என்ற அம்மையும் அவர் குமாரத்தி கமலாபாயும் துணிந்து நடித்தனர்.

ஆயினும் ஸாலுங்கேயின் பெருமை குன்றவில்லை. 1917-இல் வெளிவந்த லங்கா தகனத்தில் இராமர், சீதை ஆகிய இருவரும் அவரே. இராமர் திரையில் தோன்றியதும் ஜனங்கள் பாதரட்சைகளைக் கழற்றி வணங்கினர் என்பர். சென்னையில் அப்படத்தின் வசூலான நாணயங்களை மூட்டைகளாகக் கட்டி மாட்டு வண்டியில் ஏற்றிச் சென்றதாகவும் சொல்வர். சீதாபிராட்டியின் புயங்கள் சற்றுத் திரண்டிருந்தமை சிலருக்குப் புலப்பட்டதுண்டு. அதனால் பக்தி குறைந்ததில்லை.

இவ்வளவு புகழ் எய்தியவர் முகத்தையே முதலாகக் கொண்டு காலங் கழித்தாரில்லை. படம் பிடிக்கும் வித்தையையும் பயின்று, கருவியின் பின்னே நின்று பல ஊமைப்படங்களை உருவாக்கினார். சமையற் கூடத்திலிருந்து வந்த ஒருவர் இத்தொழிலின் இரு பக்கங்களையும் கைவரப் பெற்றதையே நாம் அவருடைய மெய்யான சாதனையாகக் கொள்கின்றோம். வேஷத்தைப் பிறர் தந்தனர். இதனைத் தாமே தேடிக்கொண்டார்.

லங்கா தகனத்தில் சில துண்டுகளே இன்று எஞ்சியுள்ளன. அவற்றில் அசோகவனத்து மரத்தடியில், தலைகவிழ்ந்த சீதையாக அவர் இன்னும் அமர்ந்திருக்கின்றார்.