ஸெரங்கெட்டி வனமும் டாக்டர் கிர்ஸிமெக்கும்

வாயில்லா ஜீவன்களுக்காகப் பரிந்து பேசுவோர் பலர். அந்தக் காரியத்தில் பெற்ற மகனையே பலிகொடுத்தவர் ஜெர்மானிய மிருக வைத்தியர் டாக்டர் பெர்ன்ஹார்ட் கிர்ஸிமெக். அவருடைய வரலாற்றில் போற்றத் தக்கதும் உண்டு. நாம் எச்சரிக்கை பெறத் தக்கதும் உண்டு.

1909-ம் வருஷம் ஸைலீஷியாவில் பிறந்த அவர், 1937-ல் நாஜிக் கட்சியில் சேர்ந்தார். இக்களங்கத்தை மறைப்பது நியாயமாகாது. 1945-ல், குண்டு வீச்சால் பாழாகியிருந்த பிராங்க்பர்ட் மிருகக்காட்சி சாலையின் தலைமையை ஏற்று, 1974 வரையில் அதை நடத்திப் பிரசித்தி பெறச் செய்தார். 1956-ல் தம் புதல்வர் மைக்கேலுடன் ஆப்பிரிக்க வனவிலங்குகளைப் பற்றி ஒரு சினிமாப் படம் வெளியிட்டார். அது பெர்லின் பட விழாவில் பரிசு பெற்றது.

அப்போது டாங்கனீகாவை ஆண்ட பிரிட்டிஷ் ஸர்க்கார், ஸெரங்கெட்டிப் பூங்காவின் கீழ்ப்பகுதியைப் பிரித்துவிட முனைந்திருந்தது. விலங்குகள் எங்கிருந்து எங்கே செல்கின்றன என்பதை ஒருவரும் சரிவர அறியார். தந்தையும் மகனும் விமானம் ஓட்டக் கற்று, வரிக்குதிரை போல் கோடு தீட்டிய சிறு விமானத்தில் பறந்து, 1958-ல் 3,60,000-க்கு மேற்பட்ட விலங்குகளைக் கணக்கிட்டனர். புதிய எல்லைக்கு வெளியேயும் மந்தைகள் மேயச் செல்வது தெளிவாயிற்று. 1959-ம் வருஷம் ஜனவரி 10-ந் தேதி ஒரு கழுகு மோதி விமானம் வீழ்ந்தது. மைக்கேல் 24-ம் பிராயத்தில் மாண்டார். தந்தை படத்தை முடித்து அவ்வருஷமே வெளியிட்டார். 1960-ல் அதற்கு அமெரிக்காவின் ஆஸ்கர் பரிசு கிடைத்தது.

ஆனால் பூங்காவில் மனிதர் எவரும், அம்மண்ணின் மக்களும்கூட, வசிக்கலாகாது என்பது அவர் கொள்கை. தலைமுறை தலைமுறையாக ஆங்கே மாடு மேய்த்து, காட்டு மிருகங்களைப் பெரும்பாலும் வேட்டையாடாது வாழ்ந்த மஸாய் மக்களை 1959-ல் அந்நிய ஸர்க்கார் வெளியேற்றியது. வேட்டைக்காரத் துரைமார்கள் செய்த நாசத்துக்கு மாடு மேய்ப்பவன் தண்டனை அடைவது எந்த நீதி?

இதில் ஒரு விசேஷமும் உண்டு. 1960-க்குப் பின் சுற்றுப்புற மாடுகளுக்கு ஊசி போட்டுக் கொள்ளைநோய் தணிந்தது. அதன்பின் ஸெரங்கெட்டியின் காட்டுமாட்டு மான்கள் 1977-க்குள் பத்து லட்சத்தைத் தாண்டின. குடியானவனின் மாடு பிழைத்ததால் காட்டின் விலங்கும் பிழைத்தது!

1961-ல் விடுதலை பெற்ற டாங்கனீகா, நையரேரேயின் தலைமையில் அப்பூங்காவைத் தன் சொத்தாகவே பேணிற்று. கிர்ஸிமெக்கும் டெலிவிஷன் மூலம் அதற்குப் பொருள் திரட்டிவந்து, 1987-ல் காலமானார். கோரங்கோரோ மலை விளிம்பில் மகனின் அருகிலேயே அவருடைய அஸ்தி புதைக்கப்பட்டது.

அவருடைய உழைப்பையும் தியாகத்தையும் நாம் வணங்குகிறோம். எனினும், காட்டைக் காக்கப் புறப்படுவோர் முதலில் அக்காட்டின் குடிகளைக் கலந்தாலோசிக்கட்டும். குடிகளைப் பகைத்துக் காத்த வனம் நெடுநாள் நிலைக்காது.