காரைக்காலம்மையார்

காரைக்கால் நகர்க்கு மேற்கே அணிமையில் உள்ளது தருமபுரம் என்னும் பழம்பதி. திருஞானசம்பந்தரது பாடலைத் தம் யாழில் அடக்க இயலாமல் திருநீலகண்ட யாழ்ப்பாணர் வருந்திய தலம் இது. அப்பாணரோடு அவர்தம் மனைவியார் மதங்கசூளாமணியாரும் தலந்தோறும் உடன்சென்று இசைபாடினார். கணவனும் மனைவியும் ஒரு கலையைப் பகிர்ந்து வாழ்ந்த இல்லறம் அது. அவர்கட்கு முற்பட்ட காலத்தே காரைக்காலிற் பிறந்த மற்றொரு பெண்மணிக்கு அப்பேறு வாய்த்திலது. அவரது வரலாற்றை ஈண்டு நினைவுகூர விழைகின்றோம்.

வணிகர் தலைவன் தனதத்தன் மகளாகிய புனிதவதியாரை நாகப்பட்டினத்துப் பரமதத்தன் மணந்தான். ஒருநாள் அவன் இல்லத்திற்கு அனுப்பிய இரு மாங்கனிகளுள் ஒன்றைப் பசித்துவந்த அடியார்க்கு அம்மையார் படைத்தார். மற்றதை உண்ட கணவன் அடுத்த கனியையும் கேட்க, இறைவனை வேண்டி ஒன்று பெற்று அளித்தார். சுவை வேறாயிருக்கக் கண்டு அவன் வினவ, நிகழ்ந்ததை உரைத்தார். அங்ஙனமாயின் இன்னும் ஒன்று வருவிக்க என்றான். வந்த கனி அவன் கையிற்பட்டு மறைந்தது. அஞ்சிய பரமதத்தன் கடல்வாணிகம் மேற்கொண்டு பிரிந்து, பின்னர்ப் பாண்டிநாட்டில் வேறொருத்தியை மணந்து, பிறந்த மகளுக்குப் புனிதவதி என்றே பெயரிட்டான். சுற்றத்தார் அம்மையாரை அங்கே அழைத்துச்சென்றபோது, புதுமனைவியோடும் மகளோடும் அவர் அடியில் வீழ்ந்து வணங்கினான்.

மாணவர் ஊன்றி நோக்கவேண்டிய இடம் இதுவே. பரமதத்தன் அம்மையாரை இகழ்ந்தானல்லன், தெய்வமென்றே போற்றினான். ஆயினும் அப்போற்றுதலே அவரை இல்லத்தினின்று விலக்கியது. வணங்குதல் வேறு, உடன்வாழ இடமளித்தல் வேறு. கணவன்பொருட்டுத் தாங்கிய அழகு இனி வேண்டாவென அம்மையார் பேயுருவை வேண்டிப் பெற்றார். தலையால் நடந்து கயிலை சேர்ந்தார். திருவாலங்காட்டில் இறைவன் திருவடிக்கீழ் அமர்ந்து பாடினார்.

மேற்கூறியன 12-ஆம் நூற்றாண்டிற் சேக்கிழார் பாடிய பெரியபுராணம் தருவன. அம்மையாரோ ஏறக்குறைய 6-ஆம் நூற்றாண்டினர். அவர் பாடல்கள் 143: அற்புதத் திருவந்தாதி 101, திருவிரட்டைமணிமாலை 20, மூத்த திருப்பதிகங்கள் இரண்டிலும் 22. அவற்றுள் கணவனைப் பற்றியோ மாங்கனியைப் பற்றியோ பேச்சில்லை. காரைக்காற்பேய் என்றே தம்மைக் கூறிக்கொண்டார். பிறர் ஏற்றிவைத்த நிலையில் நில்லாது, தாம் தேர்ந்த பெயரால் நின்றார். நாயன்மார் 63 பேருள் மகளிர் மூவரே. அவ்வரிசையில் அமர்ந்த கோலத்தோடு விளங்குபவர் இவரே.

இக்காலத்துப் பெண்கள் கல்லூரி புகுந்து பட்டம் பெறுகின்றனர். பல துறைகளிற் பணியாற்றுகின்றனர். அவர்தம் அறிவை மேடையிற் புகழ்வார் பலர். அவ்வறிவோடு அவரை இல்லத்தில் ஏற்பார் எத்துணையர்? ஆனித் திங்களில் மாங்கனித் திருவிழாக் காணக் காரைக்கால் செல்வோர், அணித்தேயுள்ள தருமபுரத்தையும் கண்டு வருக. அஞ்சி அகன்ற கணவனது இல்லறமும், உடன்பாடி நடந்தார்தம் இல்லறமும் அருகருகே உள்ளன. இவற்றுள் எதனைத் தம் வாழ்விற் கொள்வதென்பதை நம் மாணவ மாணவியர் இன்றே எண்ணித் துணிவாராக.