டி.எஸ்.பாலையா யார்? எம்.ஜி.ஆரோடு ஒரே படத்தில் அறிமுகமாகி, 'ஹேமநாத பாகவதர்' ஆன கதை!

1936-ல் 'சதி லீலாவதி' படம் வெளியாகிறது. அதில் இன்ஸ்பெக்டராகச் சின்ன வேடத்தில் வந்து போனவர் எம்.ஜி.ஆர். அதே படத்தில் அதைவிடப் பெரிய வேடம், வில்லன் வேடம், இன்னொரு புதுமுகத்துக்குக் கிடைத்தது. அவர்தான் டி.எஸ்.பாலையா.

எம்.ஜி.ஆர் பிறகு ஹீரோவானார், முதலமைச்சரும் ஆனார். பாலையாவுக்கு ஹீரோ நாற்காலி நிலைக்கவில்லை. ஆனா அவர் இல்லாமல் தமிழ் சினிமாவின் சில காட்சிகளை நினைச்சுப் பார்க்கவே முடியாது. எப்படி?

நாடக மேடையில் தொடக்கம்

இன்றைய தூத்துக்குடி மாவட்டத்தில் உள்ள சுண்டங்கோட்டையில் 1914 ஆகஸ்ட் 23-ல் பிறந்தவர் பாலையா. சின்ன வயசிலேயே நாடகம் பக்கம் வந்துவிட்டார். அன்றைய மேடையில் குரல் கடைசி வரிசை வரை போய்ச் சேரணும், முகம் தூரத்திலிருந்தும் புரியணும். அந்தப் பயிற்சிதான் அவருக்குக் கடைசி வரை கைகொடுத்தது.

'சதி லீலாவதி'யை இயக்கியவர் எல்லிஸ் ஆர்.டங்கன். தமிழே தெரியாத அமெரிக்கர்! அவர் இயக்கத்தில் எம்.கே.தியாகராஜ பாகவதர் நடித்த 'அம்பிகாபதி'யிலும் (1937) பாலையாதான் வில்லன்.

வில்லன் மட்டும்தானா?

இல்லை. அண்ணா கதை, வசனம் எழுதிய 'வேலைக்காரி'யில் (1949) ஹீரோவுக்கு யோசனை சொல்லி வழிகாட்டும் நண்பனாக வந்தார். 'மதுரை வீரன்' (1956) படத்தில் மறுபடியும் எம்.ஜி.ஆருக்கு வில்லன். ஆளைப் பார்த்தாலே பயமும் வரும், சிரிப்பும் வரும். இந்த ரெண்டையும் ஒரே முகத்தில் வைத்திருந்ததுதான் பாலையாவின் பலம்.

49 வயதில் அடித்த சிக்ஸர்

1964-ல் ஸ்ரீதரின் 'காதலிக்க நேரமில்லை' வந்தது. படம் எடுக்கும் ஆசையில் திரியும் மகனாக நாகேஷ், பணக்கார அப்பாவாக பாலையா. மகன் திகில் கதை சொல்ல, அப்பா நடுங்கும் காட்சி இன்றைக்கும் மொபைலில் சுற்றுது. இருங்காட்டுக்கோட்டை பக்கம் ஷிஃப்ட் முடிந்து கம்பெனி பஸ்ஸில் திரும்பும் இளைஞர்களின் கைக்கும் அது வந்து சேர்ந்திருக்கும்.

அதை ஒருமுறை கவனிச்சுப் பாருங்க. கதை சொல்வது நாகேஷ். ஆனா அந்தக் கதையில் பேய் இருக்குன்னு நம்மை நம்ப வைப்பது பாலையாவின் முகம். கேட்பவர் பயப்படவில்லை என்றால் காட்சியே படுத்துவிடும்.

ஒரு பாட்டைக் கேட்டே தோற்றவர்

அடுத்த ஆண்டே ஏ.பி.நாகராஜனின் 'திருவிளையாடல்'. பாண்டிய நாட்டுக்கே சவால் விடும் ஹேமநாத பாகவதர் வேடம். அரசவையில் அவர் பாடும் ராகமாலிகைக்குக் குரல் கொடுத்தவர் பாலமுரளிகிருஷ்ணா. ஆனா அந்தத் தலைக்கனமும் உட்கார்ந்த தோரணையும் முழுக்க பாலையா!

அதைவிடப் பெரிய விஷயம் அடுத்து வருது. இரவில் விறகுவெட்டியாக வந்த சிவன் பாடுகிறார். அதைக் கேட்கக் கேட்க, பாகவதரின் முகத்தில் இருந்த கர்வம் கொஞ்சம் கொஞ்சமாக இறங்கி, கடைசியில் ஊரை விட்டே ஓடும் பயமாக மாறுகிறது. சிவாஜி பாடும் பாட்டு எவ்வளவு பெரியது என்பதை நமக்குச் சொல்வது பாலையாவின் தோல்விதான்.

தவில் வாசித்த கை

கே.பாலசந்தரின் 'பாமா விஜயம்' (1967) படத்தில் மூன்று மகன்களையும் மருமகள்களையும் வழிக்குக் கொண்டு வரும் அப்பா. 'தில்லானா மோகனாம்பாள்' (1968) படத்தில் சிவாஜியின் நாதஸ்வரத்துக்குத் தவில் வாசிக்கும் முத்துராக்கு. நாலே ஆண்டுகளில் ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லாத நாலு மனிதர்கள்.

1972 ஜூலை 22-ல், 57 வயதில் பாலையா காலமானார். அவரது மகன் ஜூனியர் பாலையாவும் 'கரகாட்டக்காரன்', 'சாட்டை' படங்களில் நடித்துப் பெயர் வாங்கினார். 2023 நவம்பரில் அவரும் மறைந்தார்.

போஸ்டரில் பெரிய எழுத்தில் வருவது ஹீரோ பெயர்தான். ஆனா நாதஸ்வரம் தனியாக வாசித்தால் கச்சேரி நிறையாது, தவில் வேணும். ஹீரோவும் காமெடியனும் ஜெயித்த பல காட்சிகளில் அந்தத் தவிலாக இருந்தவர் டி.எஸ்.பாலையா.