தேசப்படத்தில் இல்லாத தேசம்

நோபெல் பரிசு பெற்றோரைத் தேசவாரியாக எண்ணுகிறவர்களிற் பலர் மேரி க்யூரி அம்மையாரைப் பிரான்ஸின் கணக்கில் மட்டும் எழுதிவிடுகின்றனர். நமக்கு இது நியாயமாகத் தோன்றவில்லை.

அம்மையார் 1867-ம் வருஷம் வார்ஸா நகரில் ஜனித்தபோது போலந்து என்றொரு ராஜ்யமே கிடையாது. ருஷியாவும் பிரஷியாவும் ஆஸ்திரியாவும் அதனைப் பங்கிட்டுக்கொண்டு எழுபது வருஷங்களுக்கு மேலாகியிருந்தன. பள்ளியில் போதனை ருஷிய பாஷையில். சொந்த தேச சரித்திரம் கற்பதோ இரகசியத்தில். வார்ஸா சர்வகலாசாலை ஸ்திரீகளைச் சேர்ப்பதில்லையாதலால், அதிகாரிகள் கண்ணில் படாமல் வீட்டுக்கு வீடு மாறி நடந்த மறைவான கலாசாலையிலேயே அவர் பயின்றார். பிறர் வீட்டுப் பிள்ளைகளுக்குப் பாடஞ் சொல்லிப் பொருள் தேடித் தமக்கையாரின் வைத்தியப் படிப்புக்கு உதவினார். 1891-ல்தான் தாமும் பாரிஸ் சேர முடிந்தது.

1898 ஜூலையில் அவரும் கணவர் பியேர் க்யூரியும் புதிய மூலப்பொருளொன்றைக் கண்டனர். ஆதரித்த பிரான்ஸின் பெயரை இட்டிருந்தால் குறை கூறுவார் யார்? அம்மையாரோ அதற்குப் பொலோனியம் என்று தம் தாய்நாட்டின் பெயரையே சூட்டினார். தேசப்படத்தில் அழிக்கப்பட்ட நாமம் ரஸாயன அட்டவணையில் ஏறிற்று. அதை அழிக்க ஜார் சக்கரவர்த்தியாலும் இயலாது!

ரேடியத்தின் கீர்த்தி உலகறிந்தது. 1903-ல் பௌதிகத்துக்குக் கணவரோடும் பெக்கரேலோடும், 1911-ல் ரஸாயனத்துக்குத் தனியாகவும் பரிசு பெற்றார். அந்த 1911-லேயே பிரெஞ்சு விஞ்ஞான சங்கம் அவரை அங்கத்தினராகத் தேர்ந்தெடுக்க மறுத்தது. பிரான்ஸின் கணக்கை எழுதுவோர் இதனையும் எழுதுவார்களாக.

போலந்து 1918-ல் விடுதலை பெற்றது. 1932-ல் வார்ஸாவில் ரேடியம் நிலையம் திறந்தபோது அம்மையார் நேரில் சென்றார். அமெரிக்க ஜனங்கள் அளித்த நிதியில் வாங்கிய ஒரு கிராம் ரேடியத்தை அதற்குத் தந்திருந்தார். 1934 ஜூலை 4-ந் தேதி பிரான்ஸில் காலமானார். 1995-ல் அத்தேசம் அவரது உடலைத் தன் பெரியோர் துயிலும் பாந்தியன் மண்டபத்துக்கு மாற்றிற்று.