சம்பளம் குறைந்தது, உரிமை நிலைத்தது

தொலைக்காட்சியில் மறு ஒளிபரப்பு என்பது இன்று நமக்குச் சாதாரணம். 1951இல் அமெரிக்காவில் நிலைமை வேறு. அப்போது பெரும்பாலான நிகழ்ச்சிகள் நேரலையாக ஒளிபரப்பாகி, அன்றே காற்றோடு போயின. அந்த வழக்கத்தை மாற்றியவர்களில் முக்கியமானவர், நகைச்சுவை நடிகை லூசில் பால்.

1911ஆம் ஆண்டு ஆகஸ்ட் 6ஆம் தேதி நியூயார்க் மாநிலத்தின் ஜேம்ஸ்டவுன் ஊரில் அவர் பிறந்தார். 3 வயதில் தந்தையை இழந்தார். 15 வயதில் நியூயார்க் நகரின் நாடகப் பள்ளி ஒன்றில் சேர்ந்தார். அங்கு உடன் படித்த பெட்டி டேவிஸ் பாராட்டுகளைக் குவித்தார். கூச்ச சுபாவம் கொண்ட லூசிலுக்கோ நடிப்பு வராது என்று பள்ளி முடிவு கட்டியது.

அவர் விடவில்லை. 1933இல் ஹாலிவுட் சென்று, 'ரோமன் ஸ்கேண்டல்ஸ்' படத்தில் கூட்டத்தில் ஒருவராகத் தோன்றினார். பிறகு ஆர்கேஓ, எம்ஜிஎம் நிறுவனங்களில் ஒப்பந்த நடிகையாகப் பல படங்களில் நடித்தார். ஆனாலும், முதல் வரிசை நட்சத்திரம் ஆகவில்லை. குறைந்த செலவில் எடுக்கப்படும் 'பி' படங்களின் ராணி என்ற பெயர்தான் மிஞ்சியது.

1940இல் கியூபாவில் பிறந்த இசைக்குழுத் தலைவர் தேசி அர்னாஸை மணந்தார். 1948 முதல் லூசில் நடித்த வானொலி நகைச்சுவைத் தொடர் வெற்றி பெறவே, அதைத் தொலைக்காட்சிக்குக் கொண்டுவர சிபிஎஸ் நிறுவனம் விரும்பியது. கணவர் வேடத்தில் தேசியே நடிக்க வேண்டும் என்றார் லூசில். ஸ்பானிய உச்சரிப்புடன் பேசும் கியூபாக்காரரை அமெரிக்க ரசிகர்கள் ஏற்பார்களா என்று நிறுவனம் தயங்கியது. 1950இல் கணவனும் மனைவியும் ஊர் ஊராகச் சென்று மேடையில் ஒன்றாக நடித்தனர். ரசிகர்கள் ஏற்றுக்கொண்டார்கள், நிறுவனமும் இறங்கி வந்தது.

அடுத்து இன்னொரு சிக்கல். நிகழ்ச்சியை நியூயார்க்கிலிருந்து நேரலையாக வழங்க வேண்டும் என்று கேட்டார்கள். தம்பதியரோ கலிஃபோர்னியாவை விட்டு வர மறுத்தனர். அங்கிருந்து நேரலை செய்தால், கிழக்குப் பகுதி மக்களுக்கு மங்கலான நகல்தான் கிடைக்கும். எனவே, ரசிகர்கள் முன்னிலையில் மூன்று கேமராக்களைக் கொண்டு படச்சுருளில் பதிவு செய்ய முடிவானது. அதற்குச் செலவு அதிகம். தங்கள் சம்பளத்தைக் குறைத்துக்கொள்ளத் தம்பதியர் சம்மதித்தனர். பதிலுக்கு, படச்சுருள்களின் உரிமை தங்கள் 'தேசிலு' நிறுவனத்துக்கு வேண்டும் என்றனர். ஒருமுறை ஒளிபரப்பான நிகழ்ச்சிக்கு அதன்பின் என்ன மதிப்பு இருக்கப்போகிறது? சிபிஎஸ் ஒப்புக்கொண்டது.

1951 அக்டோபர் 15ஆம் தேதி 'ஐ லவ் லூசி' தொடங்கியது. அடுத்த ஆண்டு லூசில் கருவுற்றபோது அதையும் கதையில் சேர்த்தனர். கர்ப்பம் என்பதற்கான ஆங்கிலச் சொல்லைக்கூடத் திரையில் உச்சரிக்க அனுமதி கிடைக்காத காலம் அது. 1953 ஜனவரி 19ஆம் தேதி, கதையில் குழந்தை பிறந்த நாளிலேயே அவருக்கும் மகன் பிறந்தான். அன்றைய பகுதியைச் சுமார் 4 கோடியே 40 லட்சம் பேர் பார்த்தனர். மறுநாள் நடந்த அதிபர் ஐசனோவர் பதவியேற்பைப் பார்த்தவர்களைவிட இது அதிகம்.

படச்சுருள்களின் மதிப்பு பின்னர் தெரிந்தது. மறு ஒளிபரப்பு உரிமையை சிபிஎஸ் நிறுவனமே பல மில்லியன் டாலர் கொடுத்து வாங்கியது. ஒரு காலத்தில் லூசில் சம்பளத்துக்கு வேலை செய்த ஆர்கேஓ படப்பிடிப்பு வளாகங்களை, 1957இல் தேசிலு விலைக்கு வாங்கியது.

1960இல் தம்பதியர் மணவிலக்குப் பெற்றனர். 1962இல் தேசியின் பங்குகளை வாங்கி, லூசில் நிறுவனத்தின் தலைவரானார். ஹாலிவுட்டின் பெரிய தொலைக்காட்சி நிறுவனம் ஒன்றுக்குப் பெண் தலைமையேற்றது அதுவே முதல் முறை. 'ஸ்டார் டிரெக்', 'மிஷன் இம்பாசிபிள்' ஆகிய தொடர்கள் அவர் தலைமையில்தான் உருவாயின. 1967இல் நிறுவனத்தை 17 மில்லியன் டாலருக்கு விற்றார்.

எல்லாமே வெற்றியாக அமையவில்லை. 1986இல், 75 வயதில் தொடங்கிய புதிய தொடர் சில வாரங்களிலேயே நிறுத்தப்பட்டது. 1989 ஏப்ரல் 26ஆம் தேதி அவர் காலமானார். அவருடைய பழைய தொடர் மட்டும் இன்னும் ஒளிபரப்பாகிக்கொண்டிருக்கிறது.

படிப்பை முடித்து வேலைக்குச் செல்லும்போது நாம் முதலில் கேட்பது சம்பளம் எவ்வளவு என்பதுதான். நம் உழைப்பில் உருவாகும் படைப்பு யாருக்குச் சொந்தம் என்பதையும் சேர்த்தே கேட்கலாம்.