ஊர்வலத்தோடு திரும்பிய கேமரா



சினிமான்னு சொன்னதும் நமக்கு நடிகர் முகம்தான் ஞாபகம் வரும். அந்தக் கருவியைச் செஞ்சவரை யார் நினைக்கிறாங்க? அப்படி ஒருவர்தான் இங்கிலாந்தின் ராபர்ட் பால்.

1869-ல் லண்டனில் பிறந்தவர். பின்ஸ்பரி தொழில்நுட்பக் கல்லூரியில் படித்தார். 1891-ல் ஹாட்டன் கார்டன் பகுதியில் மின் அளவுக் கருவிகள் செய்யும் ஒர்க்ஷாப் தொடங்கினார். 1894-ல் இரண்டு கிரேக்க வியாபாரிகள் வந்து, எடிசனின் கைனடாஸ்கோப் மாதிரி செய்து தரச் சொன்னார்கள். ஒருத்தர் மட்டும் குனிந்து பார்க்கும் படப்பெட்டி அது. எடிசன் இங்கிலாந்தில் அதற்குக் காப்புரிமை வாங்கவில்லை என்று தெரிந்ததும் ராபர்ட் வேலையில் இறங்கினார். பெட்டி தயார். ஆனா எடிசன் தரப்பு படச்சுருள் தர மறுத்தது. சும்மா இருப்பாரா? 1895-ல் பர்ட் ஏக்கர்ஸ் என்பவரோடு சேர்ந்து கேமராவையே உருவாக்கிவிட்டார்!

1896 பிப்ரவரி 20 அன்று, தன் திரையீட்டுக் கருவியை, தான் படித்த கல்லூரியிலேயே இயக்கிக் காட்டினார். அதே நாளில் லூமியர் சகோதரர்களின் படம் லண்டனில் காட்டப்பட்டது ஒரு பாலிடெக்னிக்கில்தான். நமக்குப் பெருமைதானே!

1897 ஜூன் 22. விக்டோரியா ராணியின் வைரவிழா ஊர்வலம். கனடா, ஆஸ்திரேலியா, ஆப்பிரிக்கா, ஹாங்காங், இந்தியா எனப் பல நாட்டுப் படைகள் அணிவகுத்தன. லண்டனில் கொண்டாட்டம், அந்த வருஷம் நம் நாட்டிலோ பஞ்சம். இதையும் மறக்கக்கூடாது.

ராபர்ட்டுக்கு ஒரு சிக்கல். கேமரா ஒரே பக்கம் பார்த்து நிக்கும். ஊர்வலம் தாண்டிப் போயிடும். அவர் என்ன செய்தார்? கைப்பிடியைச் சுற்றினால் வார்ம் கியர் சுழன்று, கேமராவைப் பக்கவாட்டில் மெல்லத் திருப்பும் ஸ்டாண்டு ஒன்றைச் செய்தார். செயின்ட் பால் தேவாலயம் அருகே நின்று அவரே படமெடுத்தார். இன்று கல்யாண வீடியோக்காரர் சாதாரணமாகச் செய்வது அன்றைக்குப் புதுசு!

1910 வாக்கில் சினிமாவை விட்டார்; கையிருப்புப் படச்சுருள்களை எரித்தும் விட்டார். ஆனாலும் அந்த ஊர்வலப் படத்தின் சில துண்டுகள் தப்பிப் பிழைத்தன. 1903-ல் அவர் உருவாக்கிய யூனிபிவட் கால்வனாமீட்டர் நல்ல பேர் வாங்கித் தந்திருந்தது. மறுபடி கருவிகள் பக்கமே திரும்பிய அவர் 1943-ல் காலமானார்.

எங்க குடும்பத்துல முதல்ல காலேஜ் வாசல மிதிச்சவன் நான். டிப்ளமோ படிச்சு என்ன பண்ணப்போறேன்னு ஊர்ல கேட்கிறாங்க. எனக்குப் பதில் தெரியாம இருந்துச்சு. இப்ப லேப்ல கால்வனாமீட்டர் முள் அசையும்போதெல்லாம் ராபர்ட் ஞாபகம் வருது. தேவையான கருவி கிடைக்கலேன்னா நாமே செஞ்சுக்கணும். அதுக்குத்தானே நமக்கு அரம் பிடிக்கக் கத்துக்கொடுக்கிறாங்க, தோழர்களே!